சிவநேசத்தின் அன்புக் கணவரும்

மொன்றியல்
2.3.2025

அன்புள்ள தம்பி ஞானேந்திரனுக்கு,

மச்சாளின் கால் வீக்கம் வற்றிவிட்டதா? எண்ணெய் போட்டுவிடு, உன் மனிசிதானே.

ஏர்ல் போன செவ்வாய்க்கிழமை காலமாகிவிட்டார். அவர் பெயரை எடுத்தாலே உன் போன் கட்டாகிவிடும். அதனால்தான் மகள் தனுஷாவின் கம்ப்யூட்டரில் இருந்து எழுதுகிறேன். முப்பத்தோராம் நாளுக்கு ஒரு நினைவுமலர் வேண்டும். சுழிபுரத்தில் யார் செத்தாலும் நீதானே வாழ்க்கை வரலாறு எழுதுகிறாய், என் மனிசனுக்கும் எழுது.

அமெரிக்காவில் ஜோர்ஜியாவில், பருத்திக் காட்டில் கூலி வேலை செய்த குடும்பத்தில் பிறந்தவர். அங்கே ஒரு பந்தாட்டக் கழகம் ஆடக் கூப்பிட்டுவிட்டு, கறுப்பர் ஏற்கெனவே போதும் என்று திருப்பி அனுப்பியது. ஆயிரத்துத் தொளாயிரத்து ஐம்பத்தைந்தில் ரயிலேறி மொன்றியலுக்கு வந்து இங்கே ஆடினார். பந்து முட்டை வடிவம். கமக்கட்டுக்குள் இடுக்கிக்கொண்டு ஓட வேண்டும், எதிர்ப்பக்கத்தார் மேலே விழுந்து அமத்துவார்கள். ஒரு நவம்பரில் உறைந்த நிலத்தில் முழங்கால் முறிந்ததோடு ஆட்டம் முடிந்தது. பிறகு ஓய்வு பெறும் வரை துறைமுகத்தில் வேலை.

பத்திரிகையில் வந்த குழுப்படம் ஒன்றும் அனுப்புகிறேன். கீழே எல்லாருடைய பெயரும் இருக்கிறது, இவருடையது மட்டும் இல்லை. ஓரத்தில் பென்சிலால் இருப்பது அவர் தானே எழுதினது.

அன்பு அக்கா,
சிவநேசம்

*

சுழிபுரம்
8.3.2025

அன்பும் மதிப்பும் நிறைந்த அக்காவுக்கு,

மச்சாளுக்கு இப்போது பரவாயில்லை. மலர் எழுதி முடித்துவிட்டேன். முக்கியமான பகுதி இது:

"அமரர் ஏர்ல் மட்டிசன் அவர்கள் சைவ நெறி வழுவாது வாழ்ந்த பண்பாளர். பந்து காலில் பட்டால் கோல்தான் என்று எதிரணி அஞ்சிய உதைபந்தாட்ட வீரர். சிவநேசம் குடும்பத்தினரின் உற்ற நண்பர்."

வாசிப்பவர்களுக்குக் கண்ணீர் வரும். ஒரு சொல்லையும் மாற்ற வேண்டாம்.

தங்கள் தம்பி,
ஞானேந்திரன்

*

மொன்றியல்
9.3.2025

தம்பி,

உனக்கென்ன விசரா? சைவ நெறியாம். அந்த மனுசன் ஞாயிறு தவறாமல் பப்டிஸ்ட் தேவாலயத்துக்குப் போய், வரும் வழியில் மாட்டிறைச்சி சாண்ட்விச் வாங்கித் தின்றவர். உங்கள் சங்கக்கடை மனேச்சருக்கு எழுதியதை எடுத்துப் பெயரை மாற்றினாயா? பந்தைக் கையில் கொண்டு ஓடினவர் என்று அவ்வளவு விளக்கி எழுதினேன், நீ அவருக்குக் கோல் போடக் கொடுத்திருக்கிறாய்.

அதையெல்லாம் பொறுப்பேன். நண்பராம். லிஃப்ட் இல்லாத கட்டடத்தில் மூன்றாம் மாடிக்கு என் அரிசிப் பையைக் கமக்கட்டுக்குள் இடுக்கிக்கொண்டு ஏறினவர். "உங்கட கால் என்னத்துக்கு ஆகும், வையுங்கோ" என்று நான் கத்தினால், "இதை என்னட்டையிருந்து ஆரும் பறிக்கேலாது" என்று சிரிப்பார். அப்படித்தான் பழகினோம். பேந்து கோர்ட்டில் கையெழுத்து வைத்து முறையாகக் கலியாணம் கட்டினோம். உனக்கு அழைப்பும் அனுப்பினேன், ஒரு வார்த்தை எழுதினாயா?

"சிவநேசத்தின் அன்புக் கணவரும்" என்று போடு. அந்த ஒரு வரிக்காகத்தான் எனக்கு இந்த மலரே.

அக்கா

*

சுழிபுரம்
14.3.2025

அன்புள்ள அக்காவுக்கு,

சைவத்தையும் கோலையும் எடுத்துவிட்டேன். அந்த ஆட்டத்தை வீடியோவிலும் பார்த்தேன். ஒரு மனிதன் மேல் ஆறு பேர் விழுகிறார்கள். சம்பளத்துக்கு இதைவிட வேறு வேலை கிடைக்கவில்லையா?

கணவர் என்று மட்டும் என்னால் எழுத ஏலாது. என்னைத் தோளில் வைத்துத் திருவிழாவுக்குக் கொண்டுபோன அத்தான் செத்துப் பதினெட்டு வருடமாகிறது. இந்த ஊரில் நீங்கள் இன்றும் அவருடைய மனைவிதான். மலர் இங்கேயும் நாலு வீட்டுக்குப் போகும், சனம் என்ன கதைக்கும்? "பாசமிகு அயலவர்" என்று போட்டிருக்கிறேன். இதற்கு மேல் என்னால் இறங்க முடியாது.

தம்பி

*

மொன்றியல்
16.3.2025

தம்பி ஞானேந்திரன்,

அயலவர். வாசித்துவிட்டுத் தனுஷா அழுதாள். எனக்கு அழுகை வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது. உன் அத்தானை நானும் மறக்கவில்லை. அவருக்கு இன்றும் திவசம் கொடுக்கிறேன், அன்றைக்குக் காய்கறி வெட்டித் தந்துகொண்டிருந்தவர் ஏர்ல்தான்.

இனி உன்னோடு மல்லுக்கட்ட எனக்குச் சீவன் இல்லை. படத்தில் பெயர் விட்டவர்களோடு ஏர்ல் சண்டைக்குப் போகவில்லை, பென்சிலை எடுத்துத் தானே எழுதினார். நானும் என் வரியை நானே எழுதி, இங்கே பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதியில் அச்சடிக்கக் கொடுத்துவிட்டேன். "சிவநேசத்தின் அன்புக் கணவரும், தனுஷாவின் சிறிய தந்தையும், ஞானேந்திரனின் அன்பு மைத்துனரும்."

உன் பெயரை உன்னைக் கேட்காமல்தான் போட்டேன். கோபித்துக்கொள். இருக்கிற உறவைப் பெயரில்லாமல் விடுகிற வேலை என்னால் ஏலாது. உனக்கு மலர் ஒரு கட்டு வரும். கொடுக்க வெட்கமென்றால் அடுப்பில் போடு.

சிவநேசம் மட்டிசன்

*

சுழிபுரம்
12.5.2025

அன்புள்ள அக்காவுக்கு,

கட்டு வந்து மூன்று கிழமையாகிறது. இரண்டு கிழமை அதை அலுமாரிக்கு மேலே வைத்திருந்தேன். உங்கள் மச்சாள்தான் இறக்கிப் பிரித்து, பக்கத்து வீட்டுக்கு ஒன்று கொடுத்துவிட்டாள். அதோடு என் நிம்மதி போயிற்று.

அவசரப்பட்டு அச்சடித்தால் இப்படித்தான். எனக்கு எழுதிய கடிதத்தில் ஐம்பத்தைந்தில் வந்தார் என்றீர்கள், மலரில் ஐம்பத்தாறில் மொன்றியலுக்கு வந்ததாக இருக்கிறது. என்னிடம் விட்டிருந்தால் இது நடந்திருக்குமா? ஆண்டு நினைவுக்கு நான்தான் எழுதுவேன், நீங்கள் கை வைக்க வேண்டாம்.

படமும் மகா மோசம். இருபது பேர் ஒரே தொப்பியோடு நிற்கிறார்கள். வாசிகசாலையில் ஆளுக்காள் மலரைக் கொண்டுவந்து, "மாஸ்டர், இதில ஆர்?" என்று கேட்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் நான் விரல் வைத்து, "இந்தா, இவர்தான் எங்கட அத்தான்" என்று காட்ட வேண்டியிருக்கிறது. தொண்டையும் கட்டிவிட்டது.

அத்தான் தனியே நிற்கிற படம் ஒன்று இருந்தால் அனுப்புங்கள்.

தம்பி,
ஞானேந்திரன்