ஜன்னல் வரிசை காலியாக இருக்கட்டும்

அன்பு மகளுக்கு,

அம்மா எழுதுகிறேன். நானும் உன் அப்பாவும் சௌக்கியம், அவருடைய முழங்கால் மட்டும் மாடிப்படியைக் கண்டால் முறைத்துக்கொள்கிறது, மற்றபடி உடம்புக்குக் குறை ஒன்றும் இல்லை. நீயும் மாப்பிள்ளையும் பெரியவனும் நம் வாயாடியும் எப்படி இருக்கிறீர்கள், பெரியவனுக்கு இருமல் விட்டதா, வாயாடி இன்னும் சாப்பாட்டுத் தட்டைக் கண்டால் ஓடுகிறாளா, எல்லாம் விவரமாகச் சொல். ஃபோன் இருக்கும்போது இவள் எதற்குக் கடிதம் எழுதுகிறாள் என்று நினைப்பாய். ஃபோனில் நான் வாயைத் திறந்தாலே "ஆரம்பிச்சுட்டியாம்மா" என்கிறாய், அங்கே குக்கர் சத்தம், இங்கே உன் அப்பாவின் டிவி சத்தம், பாதியிலேயே வைத்துவிடுகிறாய். கடிதத்தில் என்னைக் குறுக்கே வெட்ட முடியாது பார். அதனால் கையில் வேறு வேலை வைத்துக்கொள்ளாமல் ஓரிடத்தில் உட்கார்ந்து கடைசி வரை படி.

முதலில் உன் விடுமுறைத் திட்டம். அதைப் படித்து நானும் அப்பாவும் சிரித்த சிரிப்பில் அவருக்குப் புரையேறிவிட்டது. காலைச் சாப்பாடு நுழைவாசல் கடையில், மதியம் கோட்டைக்குள்ளே, சாயங்காலம் காபி குட்டி ரயில் நிலையத்தில் என்று எழுதியிருக்கிறாயே, எந்தெந்த வேளைக்குப் பசிக்க வேண்டும் என்று வயிற்றுக்கும் இப்போதே சொல்லிவைத்துவிட்டாயா? பரவாயில்லை, எனக்குத் தப்பாமல் பிறந்திருக்கிறாய். இந்தப் பொழுதுபோக்குப் பூங்காவின் ஹோட்டல்களுக்கு டேபிள் புக்கிங் எழுதுகிற சீட்டில் இத்தனை வருஷம் குப்பை கொட்டியவள் சொல்கிறேன் கேள். மதியச் சாப்பாட்டை ஊரே சாப்பிடும் நேரத்துக்கு வைக்காதே, கூட்டம் வருவதற்கு முன்னால் முடித்துவிடு. தண்ணீர் விளையாட்டு முடிந்த கையோடு நல்ல ஹோட்டலில் டேபிள் போடாதே, பிள்ளைகள் தட்டிலேயே தலையை வைத்துத் தூங்கிவிடும், நீயும் மாப்பிள்ளையும் ஒருவர் மூஞ்சியை ஒருவர் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பீர்கள். கோட்டையும் ரயில் நிலையமும் வரைபடத்தில்தான் பக்கத்துப் பக்கத்தில், நடந்து பார்த்தால் நாக்குத் தள்ளும். எங்கேயாவது போக முடியாது என்று தெரிந்தால் முன்கூட்டியே கேன்சல் செய்துவிடு. புக் செய்துவிட்டு வராமல் இருக்கிறவர்களை வீட்டுக்கு வந்தும் நான் திட்டிக்கொண்டிருப்பேன், உனக்கே தெரியும். ஒரு டேபிள் சும்மா கிடக்கும், வாசலில் ஒரு குடும்பம் பசியோடு நிற்கும், அந்தப் பாவம் நமக்கு வேண்டாம்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். வாயாடியின் பிறந்தநாள் சாப்பாட்டுக்கு நீ ஆசைப்பட்டுக் கேட்டது எங்கள் கண்ணாடிக் கூடத்தை, அதிலும் ஜன்னல் வரிசையை. ஏரிக்குள் தூண் நட்டு அதன்மேல் கட்டியிருக்கிறார்களே, அந்த ஹோட்டல்தான். முன்னால் அது எனக்கும் பிடித்த இடம். மதியக் கூட்டம் கலைந்ததும் நானும் பெரிய சர்வரும் கூட்டித் துடைக்கிற அக்காவும் அந்த ஜன்னலோரம் உட்கார்ந்துதான் சாப்பிடுவோம். போன வருஷம் பக்கத்திலேயே ஒரு பெரிய படகு சவாரி வந்தது. படகு மலை மாதிரி உயரம் ஏறி, அங்கிருந்து ஏரிக்குள் விழும், நாங்கள் அதற்குத் தொபுக்கடீர் என்று பெயர் வைத்திருக்கிறோம். அது விழும்போதெல்லாம் கூடம் ஒரு தடவை குலுங்கும், ஸ்பூன்கள் கிணுகிணு என்று ஆடும், சாப்பிட வந்தவர்கள் கை தட்டுவார்கள். நானும்தான் கை தட்டினேன்.

டேபிள் ஆடினால் சர்வர்கள் என்ன செய்வார்கள் தெரியுமா, காலுக்கடியில் ஒரு காகித நாப்கினை மடித்து வைத்துவிடுவார்கள். எல்லா ஹோட்டலிலும் நடக்கிற காரியம், இதில் பயப்பட ஒன்றும் இல்லை. ஆனால் எங்கள் பெரிய சர்வர் ஜன்னல் வரிசைக்கு மட்டும் தினமும் நாப்கின் மடிக்க ஆரம்பித்தார். பிறகு நாப்கின் போதவில்லை, அட்டையை வெட்டி வைத்தார். பிறகு அட்டையும் போதவில்லை. இப்போது மரத்துண்டு வைக்கிறார், அதுவும் ஜன்னல் பக்கத்துக் கால்களுக்கு மட்டும். ஒரு நாள் சாப்பிடும்போது என் சூப் கிண்ணத்தைக் காட்டி "இங்க பாருங்கக்கா" என்றார். சூப் ஒரு பக்கம் விளிம்பைத் தொட்டுக்கொண்டு நிற்கிறது, என் பக்கம் இறங்கி இருக்கிறது. துடைக்கிற அக்கா அதற்கும் சிரித்தாள், முன்னாடி தண்ணியத் தள்ளித் தள்ளி முதுகு போச்சு, இப்ப அதுவா ஜன்னலப் பாத்து ஓடுது, வேலை மிச்சம் என்றாள். சொல்லிவிட்டு அவளே சிரிப்பை நிறுத்திவிட்டாள். அன்றிலிருந்து நாங்கள் மூவரும் சமையலறைக்குப் பின்னால் நின்றுகொண்டு சாப்பிடுகிறோம்.

மேனேஜரிடம் சொன்னேன். அவருக்கு நாங்கள் வைத்த பெயர் அவசரக்குடுக்கை, முழுதாக எதையும் காதில் வாங்கமாட்டார். புதுக் கட்டடம்னா கொஞ்சம் உக்காரத்தான் செய்யும் மேடம், உங்க வேலை ஃபோன் எடுக்கறது, கட்டடத்தப் பாக்க வேற ஆள் இருக்கு என்றார். நான் விடவில்லை, நச்சரித்தேன். கடைசியில் ஓர் இன்ஜினியரை வரவழைத்தார். எப்போது? பூங்காவுக்கு வார விடுமுறை, படகு ஓடாது, கூடத்தில் ஈ காக்கை கிடையாது, அன்றைக்கு. அவர் தரையைத் தட்டிப் பார்த்தார், தூண்களைக் கரையில் நின்றபடியே பார்த்தார், எல்லாம் சரியா இருக்கு என்றார், காபி குடித்தார், போய்விட்டார்.

நீ இப்போது என்ன நினைக்கிறாய் என்று எனக்குத் தெரியும். உன் பள்ளிச் சுற்றுலாவுக்கு வந்து எல்லோர் முன்னாலும் பஸ் டயரை உதைத்துப் பார்த்தவள்தானே இவள், நாலு நாள் நீ என்னோடு பேசவே இல்லை. லிஃப்டுக்குப் பயந்தேன், மாப்பிள்ளை புதிதாக வாங்கிய காருக்குப் பயந்தேன், எதுவும் ஆகவில்லை. புலி வருது புலி வருது என்று கத்திக் கத்தி என் வாய்க்கு மதிப்பில்லாமல் போய்விட்டது. உன் அப்பாவும் அப்படித்தான் கேலி செய்துகொண்டிருந்தார். சரி, நீங்களே வந்து பாருங்கள் என்று ஒரு நாள் கூடத்துக்கு அழைத்துப்போனேன். சாப்பிட்டு முடித்து மாத்திரையைப் பிரித்தார், அது கை தவறித் தரையில் விழுந்தது. விழுந்த மாத்திரை உருண்டது, நிற்கவே இல்லை, டேபிளுக்கு அடியில் புகுந்து போய்க் கண்ணாடியில் இடித்துத்தான் நின்றது. அவர் குனியவில்லை, அதையே பார்த்துக்கொண்டிருந்தார். வீட்டுக்கு வந்து செருப்பைக் கழற்றும்போது பிள்ளைங்கள அங்க கூட்டிட்டுப் போகாத என்றார். கல்யாணம் ஆன நாளிலிருந்து நான் சொல்லி அவர் ஒத்துக்கொண்டது இது ஒன்றுதான், அதற்குச் சந்தோஷப்படக்கூட எனக்குக் கொடுத்துவைக்கவில்லை.

யாரும் கேட்காதபோது நானாக ஒரு காரியம் செய்தேன். ஃபோனில் வருகிற புக்கிங்கை எழுதுகிறவள் நான்தானே, ஜன்னல் வரிசை முழுவதையும் இல்லாத ஆட்களின் பெயரால் நிரப்பிவிட்டேன். பக்கத்து வீட்டு நாய்க்கு ஒரு டேபிள், உன் பழைய கணக்கு டீச்சருக்கு ஒரு டேபிள், வாயில் வந்த பெயருக்கெல்லாம் டேபிள். பெரிய சர்வரும் என்னோடு கூட்டு, புக் ஆகிவிட்டது என்ற பலகையை வைத்துவிட்டு வருகிறவர்களை எல்லாம் உள்பக்கம் உட்கார வைத்தார். உள்பக்கம் நிரம்பி வழிந்ததால் வியாபாரமும் குறையவில்லை, அவசரக்குடுக்கை தன் அறைக் கம்ப்யூட்டரை விட்டு எழுந்து வருகிறவரும் இல்லை. பல வாரம் அந்த வரிசையில் ஒரு உயிர் உட்காரவில்லை. நான் என்னைக் கெட்டிக்காரி என்று நினைத்துக்கொண்டேன்.

பிள்ளையார் பிடிக்கக் குரங்காய் முடிந்தது. போன வாரம் மேனேஜர் சிரித்த முகத்தோடு என் சீட்டுக்கே வந்தார். மேடம், ஜன்னல் வரிசை ஒரு நாள்கூட காலியா இருந்ததில்ல, ஜனங்க அதுக்கு உயிர விடறாங்க, முதலாளிகிட்ட பேசிட்டேன் என்றார். என்ன பேசினார் தெரியுமா, விடுமுறை தொடங்கும் நாளிலிருந்து ஜன்னலை ஒட்டி இன்னொரு வரிசை டேபிள் போடுகிறார்களாம், உள்பக்கத்து டேபிள்களையும் அங்கே நகர்த்துகிறார்களாம், படகு விழுகிற நேரத்தில் பாட்டுப் போட்டு எல்லாரையும் எழுப்பிக் கண்ணாடி ஓரமாக நிற்கவைத்துப் படம் எடுப்பார்களாம். நெரிசலாக இருப்பதால் அந்த வரிசைக்கு ஃபோனில் புக்கிங் கிடையாது, எல்லாரும் இணையத்தில் தாங்களே போட்டுக்கொள்ள வேண்டுமாம். என் கையையும் கட்டியாயிற்று. போகிற போக்கில், உங்க பேத்தி பிறந்தநாளுக்கு முதல் டேபிள் என் பரிசு, நானே உங்க பொண்ணு பேர்ல போட்டுட்டேன் என்றார்.

அந்த மெசேஜ்தான் உனக்கு வந்தது. நீ குதித்துக்கொண்டு கூப்பிட்டாய், வாயாடி ஃபோனைப் பிடுங்கி "தண்ணிக்கு மேல கேக் வெட்டப்போறேன்" என்று கத்தினாள். லைன் கட்டாயிடுச்சா என்று நீ கேட்டாய், ஆமாம் என்று வைத்துவிட்டேன்.

உடனே அதை கேன்சல் செய் என்றுதான் முதலில் எழுத நினைத்தேன். ஆனால் ஜன்னல் வரிசைக்கு முன்பே பெயர் கொடுத்துக் காத்திருப்பவர்களில் முதல் ஆள் ஒரு பெண், அவள் மகளுக்கும் அன்றைக்கே பிறந்தநாள், தினமும் ஃபோன் செய்து ஏதாவது காலியாச்சா என்று கேட்கிறாள். நீ கேன்சல் பொத்தானை அழுத்தினால் அதே நிமிஷம் கம்ப்யூட்டர் அவளுக்குக் கொடுத்துவிடும். அந்த ஹோட்டல் வேண்டாம்மா, கட்டடம் சரியில்லை என்று அவளிடமும் சொல்லிப் பார்த்தேன். உங்களுக்கு வேண்டியவங்களுக்குப் பிடிச்சு வச்சிருக்கீங்க, அதான் இப்படிச் சொல்றீங்க என்று கோபித்துக்கொண்டாள். வேண்டியவளுக்குத்தானே வைத்திருக்கிறார்கள். நம் குழந்தையை எழுப்பிவிட்டு இன்னொருத்தி குழந்தையை அந்த நாற்காலியில் உட்காரவைக்க எனக்கு மனசு வரவில்லை.

ஆகையால் இந்த ஒரு தடவை, இத்தனை வருஷம் நான் திட்டியதை எல்லாம் நீ செய்ய வேண்டும். கேன்சல் செய்யாதே, வரவும் வராதே. அந்த டேபிள் உன் பெயரிலேயே காலியாகக் கிடக்கட்டும். மற்ற டேபிள்களுக்கு வருகிற திங்கட்கிழமை காலை இணையத்தில் புக்கிங் திறக்கிறது. நீயும் மாப்பிள்ளையும் சீக்கிரம் எழுந்து உட்காருங்கள், உன் ஆபீஸ் தோழிகள், மாப்பிள்ளையின் தங்கை, உன் மாமியார் (அவரிடம் நான் கேட்டேன் என்றே சொல், என்மேல் உள்ள கோபத்தைப் பிறகு தீர்த்துக்கொள்ளட்டும்), எல்லாரையும் ஆளுக்கொரு டேபிள் பிடிக்கச் சொல். அந்த விடுமுறை முழுவதும் பழைய வரிசை, புது வரிசை இரண்டும் நம் ஆட்களின் கையில் இருக்க வேண்டும், ஒருவரும் வந்து உட்காரக் கூடாது. வராததற்குப் பிடிக்கிற அபராதத்தை நான் பார்த்துக்கொள்கிறேன்.

முன்னால் செய்த முட்டாள்தனத்தையே பெரிதாகச் செய்கிறாயே அம்மா என்று கேட்பாய். உண்மைதான். அதனால் இந்தத் தடவை வாயையும் மூடிக்கொண்டிருக்கப் போவதில்லை. கட்டடங்களைச் சோதிக்கிற அலுவலகத்துக்கு லீவு போட்டுப் போய்வந்தேன், கைப்பையில் பெரிய சர்வரின் மரத்துண்டை எடுத்துப்போனேன். அங்கிருந்தவர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, இது கதவுக்கு வைக்கிறதாம்மா என்றார். எழுதி வாங்கிக்கொண்டார், ஆனால் விடுமுறை முடிந்துதான் ஆள் அனுப்ப முடியுமாம். நாளைக்கு மேனேஜரிடம் போய், அந்த வரிசையில் ஒருத்தரும் உட்காரவில்லை, எல்லாம் என் கைவேலை என்று சொல்லப்போகிறேன். வேலை போகும், போகட்டும். பிறகு தினமும் பூங்கா வாசலில் நின்று, கண்ணாடிக் கூடத்துக்குப் போகிறவர்களிடம் எல்லாம் சொல்வேன், கழுத்தைப் பிடித்துத் தள்ளினாலும் மறுபடி வந்து நிற்பேன். உன் அப்பா மடக்கு ஸ்டூலைத் தூசி தட்டி வைத்திருக்கிறார், முழங்காலோடு அவரும் வருகிறாராம்.

நேற்று ஜன்னல் கண்ணாடி ஒன்று தானாகவே கீறல் விட்டிருந்தது, யாரும் தொடவில்லை. அவசரக்குடுக்கை அதன்மேல் பிறந்தநாள் வாழ்த்து ஸ்டிக்கர் ஒட்டச் சொல்லிவிட்டார். பெரிய சர்வர் ஒட்டிவிட்டு என்னிடம் வந்து, ஸ்டிக்கரை விடக் கீறல் நீளமா இருக்கு அக்கா என்றார்.

நீங்கள் விடுமுறைக்குக் கட்டாயம் வாருங்கள், நம் வீட்டுக்கு. கேக்கை நம் சமையலறையில், மண்மேல் நிற்கிற வீட்டில் வெட்டுவோம், வாயாடி அழுதால் அழட்டும், சமாதானம் செய்ய நான் இருக்கிறேன். பெரியவனுக்கு இரவில் வெந்நீர் கொடு. மாப்பிள்ளையை நேரத்துக்குச் சாப்பிடச் சொல். நீங்கள் நான்கு பேரும் ஒரு குறையும் இல்லாமல் நீண்ட காலம் நன்றாக இருக்க வேண்டும், அதற்கு மேல் எனக்கு ஒன்றும் வேண்டாம்.

திங்கட்கிழமையை மறந்துவிடாதே. பயந்தாங்கொள்ளி அம்மா என்று ஊரெல்லாம் சொல்லிச் சிரி, எனக்குக் கவலையில்லை. புலி வராமலே போனால் எல்லாரையும் விட நான்தான் அதிகமாகச் சிரிப்பேன். ஆனால் டேபிளைப் பிடி, கேன்சல் செய்யாதே, வராதே.

என்றும் உங்கள் நினைவாகவே இருக்கும்,
பஸ் டயரை உதைத்துப் பார்த்த
உன் அம்மா