மொட்டைக் கடுதாசியில் ஒரு சுழி

4 ஜூலை, திங்கள்

காலையிலிருந்து தூறல். மிளகாய் மூட்டை நமுத்துவிட்டது. வெயில் வந்தால் பரப்ப வேண்டும்.

எடை இன்ஸ்பெக்டரை எங்கோ வடகோடியில் இருக்கும் பீதருக்கு மாற்றிவிட்டார்கள் என்று போன மாதம் முழுக்க நிம்மதியாக இருந்தேன். இன்று வக்கீல் குமாஸ்தா தேவராஜ், நீலசந்திராக்காரன், உளுந்து வாங்க வந்தவன் சொல்கிறான்:

"அவரு எங்க போனாரு மொதலியாரே? மாற்றல் செல்லாதுன்னு ஹைகோர்ட்ல ரிட் போட்டுட்டாரு. எங்க ஆபீஸ் கேஸுதான். எவனோ மொட்டைக் கடுதாசி போட்டதாலதான் தூக்கியடிச்சாங்கன்னு எங்க வக்கீல் சொல்றாரு. ஃபைலைக் கொண்டாங்கன்னு ஜட்ஜு உத்தரவு."

உளுந்து தட்டுக்கு வெளியே சிந்தியது. அவன் கவனிக்கவில்லை.

கடுதாசி நான் போட்டது.

5, செவ்வாய்

இங்கேயாவது ஒளிக்காமல் எழுதுகிறேன். இரண்டு கிலோ எடைக்கல்லின் அடியில் ஈயத்தைச் சுரண்டியது நான்தான். அவர் பிடித்தது நியாயம். லஞ்சம் கேட்கிறார் என்று நான் எழுதியது பொய். கடையில் ஒரு டீ கூடக் குடிக்காத மனுஷன். என் மேல் கேஸ் எழுதும் முன் ஆளை நகர்த்தினால் விஷயம் ஆறிப்போகும் என்று நினைத்தேன்.

ஜாக்கிரதையாகத்தான் செய்தேன். கன்னடத்தில். இடது கையால். காகிதம் சிவாஜி நகரில் வாங்கியது. தபாலில் போட்டது சிட்டி ஸ்டேஷனில். பேர், ஊர் இல்லை. கண்டுபிடிக்க முடியாது. முடியவே முடியாது.

7, வியாழன்

தேவராஜ் மறுபடி. ஒரே சிரிப்பு.

"ஃபைல் வந்துச்சு மொதலியாரே. கடுதாசி முழுக்க கன்னடம். தலையில மட்டும் ஒரு 'உ', கீழ ரெண்டு கோடு! என்னப்பா இதுன்னு வக்கீல் கேட்டாரு. பிள்ளையார் சுழி சார், எங்க தமிழாளுங்க போடுறதுன்னு நான்தான் சொன்னேன். மனுசன் குதிச்சுட்டாரு. எழுதினது யாருன்னு திங்கக்கிழமை கோர்ட்லயே சொல்லப் போறாராம்."

போட்டது நினைவே இல்லை. மூளை கன்னடம் எழுதியிருக்கிறது, கை தன் வழக்கத்தைச் செய்திருக்கிறது.

அன்று இன்ஸ்பெக்டர் எடைக்கல் பறித்தது மூன்று கடைகளில். பாஷா பாய் எதை எழுதினாலும் மேலே 786. அந்தோணி சிலுவை போடுவார். மிச்சம் யார்?

9, சனி

பழைய பில் கட்டுகளை அடுப்பில் போட எடுத்தேன். கமலா பார்த்துவிட்டாள். "சுழி போட்ட காகிதத்த நெருப்புல வைக்கிறீங்களே, புத்தி பெசகிடுச்சா?" கட்டின பெண்டாட்டியிடம் ஒளிப்பானேன், எல்லாம் சொல்லிவிட்டேன். கட்டைப் பிடுங்கி அலமாரியில் வைத்தாள். பிறகு, "அந்தாளுக்கு ரெண்டு பொண்ணு படிக்குதுங்க. பீதர்ல எங்க கொண்டுபோய்ச் சேர்ப்பாரு?"

எனக்கு லைசென்ஸ் பயம், ஜெயில் பயம். அவள் கேட்டது அதற்கப்புறம்தான் உறைத்தது.

எரித்து என்ன பயன்? கடை இருக்கும் இந்த ஆஸ்டின் டவுனில் வீட்டுக்கு வீடு என் சுழி போட்ட பில்.

11, திங்கள்

விசாரணை. கடை திறந்தேன், உட்கார முடியவில்லை. போலீஸ்காரன் சைக்கிளில் போனாலே பின்கட்டுக்கு ஓடினேன். பாஷா பாய், "என்ன பாய், பேதியா?" என்றார்.

சாயங்காலம் தேவராஜ்: "அஞ்சு நிமிஷம்கூட ஆகல. சர்க்கார் வக்கீல் எழுந்தாரு, மாற்றல் உத்தரவ வாபஸ் வாங்கிட்டோம்னாரு. அவ்ளோதான். கடுதாசிய யாரும் படிக்கவே இல்ல."

தப்பித்தேன். பிள்ளையாருக்குத் தேங்காய் உடைக்கச் சொன்னேன் கமலாவிடம். முறைத்தாள்.

படி இறங்கும்போது தேவராஜ்: "இனிமே இன்ஸ்பெக்டர் இங்கதான் இருப்பாரு. நாளைக்கே டூட்டி. கடுதாசி நகல் ஒண்ணு கேட்டு வாங்கிக்கிட்டாரு, எதுக்கோ."

12, செவ்வாய்

பதினோரு மணிக்கு இன்ஸ்பெக்டர் வந்தார். தனியாக. கையில் துணிப்பை மட்டும். கல் எதையும் தொடவில்லை. ஒரு கிலோ துவரம்பருப்பு கேட்டார். தட்டில் கொஞ்சம் கூடுதலாகவே கொட்டினேன்.

"ஜாஸ்தி ஆய்த்து மொதலியாரே. சரியா ஹாக்ரி."

கூடிவிட்டதாம், சரியாகப் போட வேண்டுமாம். ஒரு பிடி எடுத்தேன். முள் நடுவில் நிற்கும் வரை பார்த்துக்கொண்டே இருந்தார். கோபம் இல்லை. சிரிப்பும் இல்லை. பருப்பை வாங்கிப் பையில் போட்டுக் கக்கத்தில் வைத்துக்கொண்டார்.

"நாளெ பர்த்தீனி."

நாளைக்கு வருகிறாராம். எதற்கு என்று நான் கேட்கவில்லை; அந்தக் கடுதாசி நகல் அவரிடம் இருக்கிறது.