அக்கா சிரித்து முடிக்கும் வரை

மல்லேஸ்வரம், பெங்களூர்
13.3.1996

அன்பு மச்சான் சுந்தரத்துக்கு,

நானும் சோனியாவும் சுகம். கடையும் நடக்கிறது, வெயில் வந்தால் பிளாஸ்டிக் குடத்துக்குக் கேட்கவா வேண்டும். எனக்குச் சுற்றி வளைத்துப் பேச வராது, விஷயத்துக்கு வருகிறேன்.

உன் அக்கா சரசு போய் இது மூன்றாம் மாதம். ஆனால் செவ்வாய் தவறாமல் உன் டி.வி. நாடகத்தில் சிரிக்கிறாள். 'எதிர்வீட்டு ஏகாம்பரம்' முதல் பாகம் எடுத்தபோது நம் சொந்தக்காரர்களை முன்னால் உட்காரவைத்துச் சிரிப்பைப் பதிவு செய்தீர்களே, அதையே வாராவாரம் ஓட்டுகிறார்கள் என்று நீதான் சொன்னாய். எல்லோரும் ஓய்ந்த பிறகு தனியாக ஒரு சிரிப்பு, கடைசியில் ஒரு விக்கல். ஊருக்கு அது யாரோ. நேற்று சோனியா சாப்பிட்ட கையோடு அடுக்களையிலிருந்து ஓடி வந்து, "அப்பா, அம்மா குரல் கேட்டுச்சு" என்று டி.வி.க்குப் பின்னால் எட்டிப் பார்த்தாள்.

அம்மா போனதிலிருந்து அந்தப் பிள்ளை சிரித்து நான் பார்க்கவில்லை. அந்தச் சிரிப்பை எடுத்துவிடச் சொல்.

கோவிந்தப்பா

*

சென்னை
25.3.1996

மதிப்புள்ள மாமாவுக்கு,

சோனியாவுக்கு என் முத்தங்கள். நீங்கள் கேட்டதைச் செய்கிறேன். ஒன்றை மட்டும் சொல்லிவிடுகிறேன்.

இப்போதெல்லாம் செட்டில் பார்க்க ஆளே கிடையாது. ஜோக் சொல்லிவிட்டுச் சும்மா நிற்க வேண்டும். சிரிப்பைப் பிறகுதான் ஒட்டுவார்கள். அடுத்த வசனத்தை எப்போது எடுப்பது? நான் மனசுக்குள் அக்காவின் சிரிப்பைக் கேட்பேன். சின்ன வயசிலிருந்தே அவள்தானே கடைசியில் சிரிப்பாள். அந்த விக்கல் வந்ததும் ஆரம்பிப்பேன். "சுந்தரத்தின் டைமிங்" என்று பத்திரிகைக்காரர்கள் எழுதுவதெல்லாம் இதுதான் மாமா.

ஒலிப்பதிவாளர் அலெக்சாண்டரிடம் சொல்லிவிட்டேன். வேறு சிரிப்பு போடுவார்.

சுந்தரம்

*

பெங்களூர்
19.6.1996

மச்சான்,

சொன்னபடி செய்தாய், சந்தோஷம். ஆனால் இது அதைவிட மோசமாக இருக்கிறது.

புதுச் சிரிப்பு சட்டென்று முடிந்துவிடுகிறது. நீ மட்டும் பேசாமல் நிற்கிறாய், கண்ணைத் திறந்துகொண்டு, கதவைத் தட்டிவிட்டு நிற்கிறவன் மாதிரி. கடைக்கு வருகிறவர்கள், "ஏன் சாமி, உங்க மச்சான் டயலாக் மறந்துட்டாரா?" என்கிறார்கள். அவர்கள் கிடக்கட்டும். நீ அப்படி நிற்கும்போதெல்லாம் சோனியா அடுக்களைப் பக்கம் திரும்பிப் பார்க்கிறாள். நானும்தான்.

சரக்கு சரியில்லை என்றால் திருப்பி அனுப்புகிறவன் நான். பழைய சிரிப்பையே போடச் சொல்.

கோவிந்தப்பா

*

சென்னை
4.11.1996

மாமா,

பதில் தாமதம், கோபிக்காதீர்கள். பழைய சிரிப்பு இனி இல்லை. அந்த டேப்பின் மேலேயே வேறு ஏதோ பதிவு செய்துவிட்டார்களாம்.

நானும் இல்லை. ஏகாம்பரத்தைக் கதையில் துபாய்க்கு அனுப்பிவிட்டார்கள். "டைமிங் போச்சு சார்" என்றார் தயாரிப்பாளர், முகத்துக்கு நேராக. சீக்கிரம் பேசித்தான் பார்த்தேன், முடியவில்லை. அவள் சிரித்து முடிப்பதற்குள் எப்படிப் பேசுவது? இப்போது காய்கறிக்காரரிடம் விலை கேட்டாலும், கேட்டுவிட்டு நிற்கிறேன்.

சுந்தரம்

*

பெங்களூர்
15.11.1996

சுந்தரம்,

சரசு வி.சி.ஆரில் பிடித்துவைத்த உன் நாடகம் ஒன்று பீரோவில் கிடைத்தது. நேற்று பள்ளிக்கூடம் விட்டு சோனியா வருவதற்குள் பார்த்துவிடலாம் என்று போட்டேன்.

முதல் ஜோக்குக்கே சரசு சிரித்தாள். எனக்குத் தாங்கவில்லை. ரிமோட்டை எடுத்துச் சத்தத்தை முழுக்கக் குறைத்துவிட்டேன். படம் மட்டும் ஓடியது. நீ ஓட்டைக் குடையை விரித்துக்கொண்டு வீட்டுக்காரர் முன்னால் நின்றாய்.

சிரிப்பு கேட்டது. விக்கலோடு.

ரிமோட்டை மறுபடி அழுத்திப் பார்த்தேன், சத்தம் இல்லைதான். திரும்பினால் வாசற்படியில் சோனியா. புத்தகப் பையைக்கூட இறக்கவில்லை. வாயைப் பொத்திக்கொண்டு நிற்கிறாள். விரலிடுக்கில் சிரிப்பு வருகிறது, அப்படியே அவள் அம்மா.

ஒன்று கேள். பிள்ளை சிரித்து முடிக்கிற வரைக்கும் நீ படத்துக்குள் காத்திருந்தாய். விக்கல் வந்த பிறகுதான் வாயைத் திறந்தாய்.

பதில் எழுதிக்கொண்டிருக்காதே, ரயில் ஏறு. இங்கே வந்து அந்தப் பிள்ளை முன்னால் ஏதாவது சொல். சொல்லிவிட்டுக் கொஞ்சம் நில்.

கோவிந்தப்பா