நாற்பத்திரண்டு அங்குலம்

அன்புள்ள அக்காவுக்கு,

நீ நலமா என்று கேட்பதற்கு முன் ஒரு மானக்கேட்டைச் சொல்லிவிடுகிறேன். நான் வேலை பார்க்கும் மரச்சாமான் கடையில், மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு, விற்பனைக்கு வைத்திருக்கும் கட்டிலில் படுத்துத் தூங்குகிறவன் நான்தான். ஒரு நாள் இரண்டு நாள் இல்லை, ஒன்பது வருஷமாக. பின்பக்கக் கிடங்கில், இரண்டு பீரோக்களுக்கு நடுவே, மெத்தையின் பாலித்தீன் உறையைக்கூடக் கிழிக்காமல். இப்போது இது போலீஸ் காகிதத்திலேயே ஏறிவிட்டது. போனில் சொல்லியிருக்கலாம், ஆனால் உன் வீட்டுப் போன் எப்போதும் ஸ்பீக்கரில் இருக்கும். முதல் வரியே அத்தான் காதில் விழும்.

எங்கள் கடையில் சோபாவுக்கு உறை தைக்கிற அம்மா ஒருவர் இருக்கிறார். கழுத்தில் எந்நேரமும் அளவு டேப் தொங்குவதால் டேப்பம்மா என்போம். அந்த டேப்பை அவர் தொட்டு நான் பார்த்ததில்லை. எல்லாம் கண்ணளவுதான். ஒருமுறை என்னைப் பார்த்து, போன வருஷத்துக்கு இடுப்பு ரெண்டரை அங்குலம் கூடிருச்சுங்க என்றார். வீட்டுக்குப் போய் அளந்தேன். ரெண்டரைதான்.

போன மாதம் ஒரு மத்தியானம் முதலாளியின் மருமகன், நாங்கள் சின்னவர் என்று கூப்பிடுகிறவர், கிடங்குக்கு வந்து அந்த அம்மாவிடம் சத்தம் போட்டார். ஒரு சோபாவுக்குத் துணி ஒரு முழம் குறைந்துபோய்விட்டது, உன் தப்பு என்றார். அந்த அம்மா குரலை உயர்த்தாமல், அளவுச் சீட்டுல இருக்கறது உங்க கையெழுத்துங்க, பத்தாதுன்னு அப்பவே சொன்னேன் என்று சீட்டை நீட்டினார். அதற்குமேல் சின்னவர் பேசியது சோபாவைப் பற்றி இல்லை. அந்த அம்மாவின் சாதியைப் பற்றி. அந்த வார்த்தையை இங்கே எழுத மாட்டேன். நம் வீட்டில் நீயும் நானும் கேட்டு வளர்ந்த வார்த்தைதான்.

சத்தத்தில் நான் விழித்துக்கொண்டேன். எழுந்து போனேனா என்று கேட்காதே. மூச்சை அடக்கி, புரண்டால் உறை சரசரக்குமே என்று கட்டை மாதிரிக் கிடந்தேன். உன் தம்பியின் வீரம் உனக்குத் தெரியாததா. கரப்பான் பூச்சிக்கு உன்னை முன்னால் அனுப்பியவன்தானே.

டேப்பம்மா அன்று சாயங்காலமே போலீஸில் புகார் கொடுத்துவிட்டார். சின்னவர் எங்கோ ஒளிந்துகொண்டு, கைதாகாமல் இருக்க முன்ஜாமீன் கேட்டு மனுப் போட்டார். வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் அது சுலபத்தில் கிடைக்காதாம். புகாரில் முகாந்திரமே இல்லை என்று பார்த்தவுடன் தெரிந்தால்தான் உண்டாம். அதனால் அவருடைய வக்கீல் ஒரு வழி கண்டுபிடித்தார். நாலு பேர் பார்க்கவோ கேட்கவோ கூடிய இடத்தில் திட்டியிருந்தால்தான் இந்தக் குற்றம் நிற்கும்; அன்றைக்குக் கிடங்கின் ஷட்டர் மூடியிருந்தது, உள்ளே இரண்டே பேர், ஆகவே சட்டமே பொருந்தாது என்றார். இது எடுபட்டால் மறுநாளே சின்னவர் வந்து நாற்காலியில் உட்காருவார். அவர் எதிரில் அந்த அம்மா ஊசி கோக்க வேண்டும்.

முதலாளி என்னைக் கூப்பிட்டு, ஷட்டர் மூடியிருந்ததுன்னு ஒரு கையெழுத்துப் போடுப்பா, உன் அத்தான் முகத்துக்காகத்தானே உன்னை இத்தனை வருஷம் வச்சிருக்கேன் என்றார். மறுநாள் கையில் பெரிய கட்டோடு போனேன், சுளுக்கு என்று. அவர் நிதானமாகப் பார்த்துவிட்டு, இது இடது கை என்றார். படிக்கிற கண்ணாடி வீட்டிலிருக்கிறது என்று சொல்லி ஓடிவந்தேன்.

ஷட்டர் மூடியிருக்கவில்லை அக்கா. பாதி திறந்திருந்தது, நான் கிடந்த இடத்திலிருந்தே தெரிந்தது. வெளிப்படியில் லாரிக்குக் காத்திருந்த சுமைக்காரர்கள் உட்கார்ந்திருந்தார்கள். ஆனால் முதலாளி ஒவ்வொருவர் வீட்டுக்கும் போய் எச்சரித்துவிட்டார், ஒருத்தனும் வாயைத் திறக்க மாட்டான் என்று கடை முழுக்கப் பேச்சு. மிச்சம் நான் ஒருவன்தான் என்று நினைத்து மூன்று நாள் அந்தக் கட்டில் பக்கமே போகவில்லை.

நான்காம் நாள் டேப்பம்மா என்னைத் தாண்டிப் போகும்போது, அன்னிக்கு மெத்தை உறை சரசரத்துச்சுங்க என்றார். அவ்வளவுதான். சொல்லுங்கள் என்றோ, ஏன் சொல்லவில்லை என்றோ ஒரு வார்த்தை இல்லை. போய்த் தைக்க உட்கார்ந்துவிட்டார். அன்று மாலை நான் போலீஸுக்குப் போனேன். எங்கே இருந்தீர் என்று அதிகாரி கேட்டார். கட்டிலில் என்றேன். என்ன கட்டில் என்றார். தேக்கு, ஆறேகாலுக்கு அஞ்சு என்றேன். தள்ளுபடி உண்டு என்பதும் நாக்கு நுனி வரை வந்துவிட்டது.

கோர்ட்டில் நீ அந்த அம்மாவைப் பார்த்திருக்க வேண்டும். புகார் கொடுத்தவர் பேச்சையும் கேட்டாக வேண்டுமாம். ஷட்டர் எவ்வளவு திறந்திருந்தது, சொல்ல முடியுமா என்று நீதிபதி கேட்டார். நாப்பத்திரண்டு அங்குலங்க, படியில உட்கார்ந்தவங்க தலை முப்பத்தஞ்சு, எல்லார் முகமும் முழுசாத் தெரிஞ்சுது என்றார். சின்னவரின் வக்கீல் எழுந்து, அளந்தா பார்த்தீங்க என்று சிரித்தார். இல்லைங்க, உங்க கோட்டுல வலது கை முக்கால் அங்குலம் குட்டை, அதையும் நான் அளக்கலை என்றார் டேப்பம்மா. வக்கீல் தன்னையறியாமல் இரண்டு கையையும் நீட்டிப் பார்த்துக்கொண்டார். நீதிபதி குனிந்து பேனாவைத் தேடினார். பேனா அவர் கையில்தான் இருந்தது.

அரசு வக்கீல் ஒரு கோப்பை நீட்டினார். அதில் என் வாக்குமூலம் இருந்தது. அந்தப் பக்கத்தை நீதிபதி புரட்டியபோது நான் இரண்டு அங்குலம் வளர்ந்திருப்பேன்.

வெளியே வந்ததும் தண்ணீர் பாட்டிலின் மூடியை டேப்பம்மாவால் திறக்க முடியவில்லை. உள்ளே குரலில் ஒரு நூல் பிசகவில்லை. நான் திறந்து கொடுத்தேன். இந்த வழக்கில் நான் உருப்படியாகச் செய்தது அதுவாகத்தான் இருக்கும்.

மறுநாள் மனு தள்ளுபடி ஆகிவிட்டது. சின்னவர் சரணடைந்தார். டேப்பம்மா காலை ஒன்பதுக்கு வழக்கம்போல் மெஷினில் உட்கார்ந்தார். முதலாளி என்னை இன்னும் போகச் சொல்லவில்லை. கட்டிலை மட்டும் முன்பக்கக் கண்ணாடிக்கு நகர்த்திவிட்டார்.

அக்கா, முதலாளி அத்தானுக்குப் போன் செய்வார். அதற்குமுன் நடந்ததை நீயே அவருக்குச் சொல்லிவிடு. அத்தான் என்னை நன்றிகெட்டவன் என்று திட்டட்டும், இந்த வீட்டுப்படி ஏறாதே என்றும் சொல்லட்டும், கேட்டுக்கொள்கிறேன். அந்த அம்மாவைப் பற்றிப் பேசும்போது மட்டும் அந்த வார்த்தை அவர் வாயில் வராமல் பார்த்துக்கொள். குழந்தைகள் பக்கத்தில் இருப்பார்கள். நீ சொன்னால் கேட்பார். இதுவரை நீ சொன்னதில்லை.

எல்லோரும் நன்றாக இருக்க வேண்டும்.

உன் தம்பி

பி.கு.: உத்தரவின் நகலை டேப்பம்மா இன்றுதான் படிக்கக் கொடுத்தார். சுமைக்காரர்கள் நாலு பேர், பாலிஷ் போடுகிறவர், முதலாளியின் டிரைவர் என்று ஆறு பேர் எனக்கு ஒரு வாரம் முன்பே, ஒருவருக்கொருவர் தெரியாமல், போலீஸில் போய்ச் சொல்லியிருக்கிறார்கள். என்னுடையது ஏழாவது. முதல் நாலு வாக்குமூலமே போதும், மற்றவற்றைப் பார்க்கத் தேவையில்லை என்று நீதிபதி எழுதியிருக்கிறார்.