குதிரை ஏறிய மச்சான்

வெக்ஸ்போர்ட்
10.02.2025

அன்பு மருமகள் ஷாமிலா அறிவது,

மாதா துணையால் நானும் என் மீசையும் சுகம். நீ போனை எடுக்கிறாயில்லை, அதனால் பேனையை எடுத்தேன்.

சனிக்கிழமை முதியோர் மண்டபத்தில் நூறு வருசத்துப் பழைய ஊமைக் கௌபோய் படம் போட்டோம். ஷெரீப்பைக் கழுதை உதைக்கிறது, அவன் தண்ணீர்த் தொட்டிக்குள் தலைகீழாக விழுகிறான். படத்தில் வாற எல்லாருக்கும் மைக்கில் தமிழ்க் குரல் நான்தான். வாயசைவைப் பார்த்தாலே என்ன பேசுகிறான் என்று எனக்குத் தெரிந்துவிடும். ஐந்நூறு பேர் சிரித்தார்கள்.

இடைவேளையில் உன் அப்பாவைக் கதாநாயகன் ஆக்கினேன். பக்கவாதத்தில் குரல் போன மனிதர், ஊமைப்படத்துக்கு அவரை விட்டால் ஆர்? உட்காரும் கதிரை இரண்டை அடுக்கி, போர்வை போட்டுக் குதிரையாக்கி, அவருக்குக் கௌபோய்த் தொப்பி வைத்து ஏற்றினேன். கதிரை வழுக்கியது. என்னைப் பார்த்து வாயசைத்தார். நான் உடனே மைக்கில், "எட, குதிரைக்குப் பெற்றோல் முடிஞ்சுது" என்றேன். அவர் விழுந்தார். சனத்துக்குச் சிரிப்பை அடக்க ஏலவில்லை.

இடுப்பில் சின்ன வெடிப்புத்தானாம். ஆறிவிடும்.

உன் தாய்மாமன்,
மரியரட்ணம்

பிக்கரிங்
24.02.2025

மாமா,

மண்டபத்தில் இருந்தது அறுபது பேர். வெடிப்பல்ல, முறிவு. சத்திரசிகிச்சை முடிந்து வீட்டுக்கு வந்துவிட்டார். இனி நடப்பது சந்தேகம் என்கிறார்கள்.

அந்த வீடியோ எல்லார் போனிலும் ஓடுகிறது. அப்பாவும் பார்த்தார். தான் பகிடி விட்டதாகச் சனம் நினைப்பதுதான் அவருக்கு வலியைவிடப் பெரிது. அவர் உதட்டைப் பார்த்தே நான் தினமும் பேசுகிறேன். அன்று அவர் சொன்னது, "மச்சான், என்னைப் பிடி." உங்கள் ஒரு கையில் மைக் இருந்தது. மற்றக் கை சும்மா இருந்தது.

அவர் உண்மையில் சொன்னதை அதே மைக்கில் சொல்லுங்கள். அவர் கேட்பது அவ்வளவுதான். சொன்ன பிறகு வீட்டுக்கு வாருங்கள்.

ஷாமிலா

வெக்ஸ்போர்ட்
17.03.2025

அன்பு மருமகளுக்கு,

அவர் சொன்னது எனக்கு அப்பவே விளங்கினது. எனக்கா வாயசைவு தெரியாது? ஆனால் "பிடி" என்றால் எந்தச் சனம் சிரிக்கும்? போன சனி அந்த வீடியோவைப் பெரிய திரையில் போட்டோம். "பெற்றோல்" வந்ததும் மண்டபமே என்னோடு சேர்ந்து சொன்னது. ஆயிரம் பேர்.

நேற்றுப் பூசை முடிய, அந்தக் கௌபோய்த் தொப்பியோடு உன் வீட்டுக்கு வந்தேன். மணி அடித்து அடித்துக் கை நொந்தது. நீ திறக்கவில்லை. கண்ணாடியால் எட்டிப் பார்த்தேன், யன்னலோரக் கட்டிலில் உன் அப்பா. என்னைக் கண்டதும் வாயசைத்தார், ஒரேயொரு சொல். தெளிவாக விளங்கியது.

கேட்டவர்களுக்கெல்லாம், "வா மச்சான், சாப்பிட்டுட்டுப் போ" என்று கூப்பிட்டவர் என்றே சொல்லியிருக்கிறேன். அதில் கடைசிச் சொல் மட்டும்தான் அவருடையது, நீ மாற்றிச் சொல்லாதே.

தொப்பியைக் கதவுப் பிடியில் கொழுவியிருக்கிறேன்.

உன் தாய்மாமன்,
மரியரட்ணம்