துவைக்காத பனியன் துணி

அம்மிணி,

நீ கோவிச்சுக்கிட்டு மடத்துக்குளம் அம்மா ஊட்டுக்குப் போனதிலிருந்து பக்கத்து ஊட்டு சாரதாமணியக்கா, "ஏனுங்க, அம்மிணி எப்ப வருவாங்க?" என்று தினமும் குடைகிறார். பட வேலை என்று புளுகுகிறேன். அவர் நம்பவில்லை, நானும் நம்பவில்லை.

பனியன் கம்பெனி செக்கிங்கில் கறை பார்த்தே கெட்டுப்போன கண் இது. கண்காட்சிக்காக நீ சாயத்தண்ணியில் மாதக்கணக்காக ஊறவைத்த பிலிம் சுருள் கொடியில் காய்ந்ததும் கை அரித்துவிட்டது. கறை எடுக்கும் மருந்து போட்டுக் கண்ணாடியாகத் துடைத்துவிட்டு, "ஒரு பொட்டு இருக்குதா பாரு!" என்று பல்லைக் காட்டினேன். அந்தக் கறைதான் படம் என்பது நீ அழுதபிறகுதான் உறைத்தது.

துடைத்த பனியன் துணியில் உன் நிறமெல்லாம் ஒட்டியிருக்கிறது. இத்துடன் அனுப்புகிறேன். ஒரு கறையை நான் துவைக்காமல் விட்டது இதுதான் முதல்தடவை.

இப்படிக்கு,
ரிஜெக்ட் ஆன உன் ஊட்டுக்காரன்