ஒன்பதாம் விதிப்படி அம்மா அவுட்

துடியலூர்,
18.5.1997, ஞாயிறு.

அன்புள்ள அப்பாவுக்கு,

லோகப்பிரியா வணக்கத்துடன் எழுதுவது. இன்று நம் வீட்டில் நடந்ததை ஒன்றும் கூட்டாமல், ஒன்றும் குறைக்காமல் எழுதப் போகிறேன். அதனால்தான் வழக்கமாக முதலில் எழுதும் ‘இங்கு அனைவரும் நலம்’ என்ற வரியை எழுதவில்லை. யார் எப்படி இருக்கிறோம் என்பது படித்து முடிக்கும்போது உங்களுக்கே தெரியும்.

துளசிமணி அக்காவுக்கு ஆனைமலைப் பக்கத்தில் இடம் வந்திருப்பதை மாசி மாதமே எழுதியிருந்தேன். மாப்பிள்ளை பெயர் மதன்குமார். தென்னந்தோப்பும் தேங்காய்நார்க் கயிறு திரிக்கும் ஆலையும் பார்த்துக்கொள்கிறார். அக்காவுக்குப் பிடித்திருக்கிறது. அவள் வாயால் சொல்லவில்லை, ஆனால் அவர் போட்டோவை என் பழைய அட்லஸுக்குள் வைத்திருக்கிறாள், அட்லஸை என்னிடம் திருப்பித் தர மறுக்கிறாள். உப்பு சர்க்கரை மாற்றி நிச்சயம் செய்ய நாள் குறிப்பதற்காக மாப்பிள்ளையின் அப்பா ஐயாசாமி மாமா, அம்மா பாவாத்தாள் அத்தை, தங்கை சுகந்தி மூன்று பேரும் இன்று வந்தார்கள். இதையும் போன வாரமே உங்களுக்கு எழுதினேன். உங்களிடமிருந்து பொங்கலுக்கு முன் வந்த நாலு வரிக் கடிதம்தான் கடைசி.

அம்மா விடிகாலை நாலு மணிக்கு எழுந்தார். நேற்றுக் கம்பெனியில் மோட்டாருக்குக் கம்பிக் காயில் சுற்றும் வேலை இரண்டு ஷிப்ட். விரல் நுனியெல்லாம் வெட்டு. அந்த விரலோடு பருப்பு ஆட்டி வடை சுட்டார், எரிகிறது என்று சொல்லவில்லை. வந்தவர்கள் செருப்பைக் கழற்றுவதற்கு முன்பே அத்தை கேட்டது இதைத்தான்: “ஏனுங்க அம்மணி, சம்பந்திக்கு அம்மை எறங்கிருச்சுங்களா?”

“எறங்கிருச்சுங்க. தண்ணி ஊத்திப்போட்டாங்களாமா. இப்ப மில்லுல புது மெசின் எறக்கறாங்களாமா, இவரு நின்னாத்தான் ஓடுமாமுங்க,” என்றார் அம்மா.

அப்பா, நீங்கள் வந்து பேசும்போது வார்த்தை மாறிவிடக் கூடாது என்பதற்காக நான் இவற்றைக் குறித்து வைத்திருக்கிறேன். மாசியில் அவர்கள் பெண் பார்க்க வந்தபோது உங்களுக்கு ரயிலில் இடம் கிடைக்கவில்லை. பங்குனியில் நாங்கள் மாப்பிள்ளை வீட்டுக்குப் போனபோது உங்களுக்கு அம்மை போட்டிருந்தது. இன்று புது மெஷின். மூன்றையும் அம்மா ராத்திரி படுத்துக்கொண்டு யோசித்துத்தான் சொன்னார். பக்கத்தில் படுத்திருக்கும் எனக்கு அது தெரியும். யோசிக்கும்போது அவருக்கு மூச்சு வேறு மாதிரி வரும்.

சாப்பாடு முடிந்தபோது மணி ஒன்றரை. வெயில் தாழட்டும், மூன்றரைக்கு மேல் நல்ல நேரம் பார்த்து நாள் பேசலாம் என்று மாமா சொன்னார். அதுவரை சும்மா உட்கார்ந்திருக்க வேண்டாம் என்று சுகந்தி பையிலிருந்து ஒரு பெட்டியை எடுத்தாள். அவர்கள் வீட்டில் கிரைண்டர் வாங்கியபோது இலவசமாகக் கொடுத்த விளையாட்டு. வியாழக்கிழமை டிவியில் வருகிற ‘ஐயா ஊரில் இல்லை’ என்ற சிரிப்புத் தொடரை அந்தக் கிரைண்டர் கம்பெனிதான் வழங்குகிறது. அதை வைத்தே விளையாட்டும் செய்திருக்கிறார்கள்.

உங்கள் கடைசிக் கடிதத்தில் இருந்த விலாசம் சோலாப்பூர், அங்கே தமிழ் டிவி தெரியாது என்பதால் சொல்கிறேன். அதில் ஐயா என்று ஒருவர். யார் கதவைத் தட்டினாலும் அவருக்குப் பயம். பரண்மேல் ஏறிக்கொள்வார். அவர் மனைவி கதவைத் திறந்து, வந்தவரிடம் ஒரு காரணம் சொல்லி அனுப்புவார். வாரத்துக்கு ஒரு காரணம். விளையாட்டும் அப்படித்தான். அட்டையில் ஒரு வீடு வரைந்து கட்டம் போட்டிருக்கிறது. ஒரு சீட்டு எடுத்தால் யார் வந்து கதவைத் தட்டுகிறார் என்று இருக்கும். ஒவ்வொருவரும் ஒரு காரணம் சொல்ல வேண்டும். எது நல்ல காரணம் என்று நீதிபதி தீர்ப்புச் சொன்னால், சொன்னவரின் காய் பரணை நோக்கி இரண்டு கட்டம் ஏறும்.

‘வீட்டில் இருப்பவர்களிலேயே பொய் சொல்லத் தெரியாதவரை நீதிபதியாக உட்கார வையுங்கள்’ என்று விதிப் புத்தகத்தில் இருந்தது. அம்மாவும் அக்காவும் ஒரே நேரத்தில் என்னைக் கை காட்டினார்கள். “படிக்கற புள்ளைங்க. உள்ளத உள்ளபடிக்குச் சொல்லிப்போடும்,” என்றார் அம்மா பெருமையாக.

எனக்கு முகம் சுட்டது. நான் ஏழாவது படித்தபோது நம் மில்லை மூடினார்களே, அந்த வருடம் நீங்கள் உள் அறையிலேயே இருப்பீர்கள். யார் வந்தாலும் இல்லை என்று சொல்லச் சொல்வீர்கள். உங்களோடு வேலை செய்த ரங்கராஜ் மாமா ஒரு நாள் வந்தார். அப்பா இல்லைங்க என்றேன். உங்கள் செருப்பு வாசலிலேயே கிடந்தது. அவர் அதைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், “செரி கண்ணு, அப்பறம் வாரேன்னு சொல்லு” என்று சைக்கிளைத் திருப்பிக்கொண்டு போய்விட்டார். அப்புறம் அவர் வரவில்லை. அடுத்த மாதம் நீங்கள் நிஜமாகவே ஊரை விட்டுப் போய்விட்டீர்கள். இதை நான் யாரிடமும் சொன்னதில்லை.

முதல் மூன்று சுற்றும் நன்றாக இருந்தன. பக்கத்து வீட்டுக்காரர் கோழியைக் காணோம் என்று வந்து ஐயாவைக் கேட்கிறார் என்று ஒரு சீட்டு வந்தது. ஐயாசாமி மாமா தொண்டையைச் செருமிக்கொண்டு, “ஐயா மாசாணியம்மன் கோயல்ல மொளகா அரைக்கப் போயிருக்கறாருங்க,” என்றார்.

“யாரு மேலீங்க அரைக்கறாரு?” என்று அத்தை கேட்டார்.

“கோழிக்காரரு மேலதானுங்க! திருட்டுப் பழி போட்டவங்க மேல மொளகா அரைச்சு நாயம் கேக்கறதுன்னா அங்கதானுங்க கேக்கோணும்!”

“கோழியத் தின்னுபோட்டு அவரு மேலயே அரைக்கறதாக்கும். முப்பது வருசமா இந்த நாயத்தத்தானுங்க நானும் பாத்துட்டு இருக்கறேன்,” என்று அத்தை சொல்ல, சுகந்தி விழுந்து விழுந்து சிரித்தாள். தீர்ப்பை நான் மாமாவுக்கே கொடுத்தேன். எல்லாவற்றையும் ரஃப் நோட்டில் காரணத்தோடு எழுதினேன். மாமா என்னை ஜட்ஜம்மா என்று கூப்பிட ஆரம்பித்தார். அவர் அடுத்த சுற்றில் முன்பு சொன்னதையே மாற்றிச் சொன்னபோது மறுத்துவிட்டேன். “பாத்தீங்களா, வேண்டியவங்க வேண்டாதவங்க இல்லீங்க ஜட்ஜம்மாவுக்கு!” என்று அவரே மெச்சினார். எனக்கு அது பிடித்திருந்தது. அதை மறைக்க மாட்டேன்.

நாலாவது சுற்றில் சுகந்தி சீட்டைப் படித்தாள். ‘சம்பந்தி வீட்டார் வந்திருக்கிறார்கள். ஐயா எங்கே என்று கேட்கிறார்கள். என்ன சொல்வீர்கள்?’

“அட, நம்ம கதையாட்டமே இருக்குதுங்களே!” என்று மாமா தொடையில் தட்டினார். சம்பந்திக்கு இளநீர் வெட்ட மரமேறியவர் இறங்க மறந்துவிட்டார் என்பது அவர் சொன்ன காரணம். சம்பந்தியம்மாவுக்குச் சேலை எடுக்கப் போனவர் நிறம் பிடிக்காமல் காஞ்சிபுரத்துக்கே போய்விட்டார் என்று அத்தை சொன்னார். சுகந்தி சொன்னது நோட்டில் விட்டுப்போயிருக்கிறது, சரியாக நினைவுமில்லை. அக்கா தலையைக் குனிந்துகொண்டு எனக்கு வேண்டாம் என்றாள்.

அம்மாவின் முறை. அவர் காப்பி டம்ளர்களைத் தட்டில் அடுக்கி மடியில் வைத்துக்கொண்டு சுவரில் சாய்ந்திருந்தார். கண் பாதி மூடியிருந்தது. கண்ணைத் திறக்காமலே சொன்னார்.

“தெரியலீங்க. ரெண்டு வருசமாச்சுங்க. எங்க இருக்கறாரு, என்ன பண்றாருன்னு எனக்கே தெரியலீங்க. வருவாரான்னும் தெரியலீங்க.”

முதலில் மாமா சிரித்தார். பிறகு எல்லாரும் சிரித்தார்கள், அப்பா. டிவியில் வருகிற மனைவி இப்படித்தான் முகத்தை வைத்துக்கொண்டு சொல்வார். “சம்பந்தியம்மாதானுங்க கெலிச்சாங்க! இத்தன நேரம் இந்தத் தெறமைய எங்க ஒளிச்சு வெச்சிருந்தீங்க!” என்றார் மாமா. சுகந்தி அம்மாவின் காயைப் பரணில் கொண்டுபோய் வைத்தாள்.

நான் விதிப் புத்தகத்தைப் பார்த்தேன். ஒன்பதாம் விதி: கதவைத் தட்டியவரிடம் உண்மையைச் சொல்லிவிட்டவர் அந்த நிமிடமே ஆட்டத்திலிருந்து விலக வேண்டும்.

“இல்லைங்க மாமா,” என்றேன். “ஒன்பதாம் விதிப்படி அம்மா அவுட்டுங்க. அம்மா சொன்னது காரணம் இல்லைங்க, உண்மை.”

ஆட்டத்தில் யாரும் ஏமாற்றக் கூடாது என்பது மட்டும்தான் அப்போது என் தலையில் இருந்தது. சொல்லி முடித்த பிறகுதான் நான் என்ன சொன்னேன் என்பது என் காதில் விழுந்தது. முதலில் அத்தையின் சிரிப்பு நின்றது. பிறகு சுகந்தி. மாமா மட்டும் இன்னும் கொஞ்ச நேரம் சிரிக்கப் பார்த்தார்.

புள்ளை விளையாட்டுக்குச் சொல்கிறது என்று அம்மா ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும், எல்லாரும் நம்பியிருப்பார்கள். வாயைத் திறந்தார். நானும் அக்காவும் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தோம். ஆனால் அம்மா டம்ளர் தட்டைக் கீழே வைத்துவிட்டு, “ஆமாங்க,” என்றார்.

அத்தை கத்தவில்லை. குரலைக்கூட உயர்த்தவில்லை. “அம்மை போட்டிருக்குதுன்னீங்களே அம்மணி. மாரியாத்தாளுக்கு மூணு செவ்வாக்கெழம ஈரச் சீலையோட சுத்தி வந்தனுங்க நானு,” என்றார். “சம்பந்தி நல்லபடியா எந்திரிக்கோணும்னு சுத்துனனுங்க.”

அம்மா தரையைப் பார்த்துக்கொண்டு, தப்புத்தானுங்க, தப்புத்தானுங்க என்று இரண்டு தடவை சொன்னார். நான் அழுதேன். அழுதால் யாராவது திட்டுவார்கள் என்று நினைத்தேன். யாரும் திட்டவில்லை.

மாமா வெளியே போய்க் கை கால் கழுவிக்கொண்டு வந்தார். “நாள் இன்னிக்கு வேண்டாமுங்க,” என்றார். “தாரை வாத்துக் குடுக்கறதுக்குப் பெத்தவரு வேணுமில்லீங்களா? ஆவணி பொறக்கட்டும். அதுக்குள்ளார சம்பந்தி வந்து எங்களோட உக்காந்து ஒரு வாய் சோறு உண்டாருன்னாப் போதுமுங்க. எங்க இருந்தீங்கன்னுகூடக் கேக்க மாட்டனுங்க. வரலீன்னா...” என்று நிறுத்தி, துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். “அப்பறம் அவங்கவங்க பாத்துக்கலாமுங்க.”

போகும்போதும் எல்லாரும் வாரனுங்க, போயிட்டு வாங்க என்றுதான் சொல்லிக்கொண்டார்கள். அக்கா குங்குமம் நீட்டினாள். அத்தை எடுத்துக்கொண்டார், ஆனால் அக்கா முகத்தைப் பார்க்கவில்லை. விளையாட்டுப் பெட்டியை எடுத்துக்கொள்ளச் சொன்னேன். நீங்களே வெச்சுக்கங்க என்றாள் சுகந்தி.

அக்கா பாத்திரம் கழுவினாள். துடைத்து வைக்கப் போனேன். “ஜட்ஜம்மா போய்ப் படிங்க,” என்று மட்டும் சொன்னாள். எனக்குத் தண்ணீர் குடிக்கக்கூட அந்தப் பக்கம் போகப் பயமாக இருக்கிறது. அட்லஸ் மட்டும் என் மேஜைமேல் திரும்பி வந்திருக்கிறது. போட்டோ அதற்குள் இல்லை. அதைக் கிழித்தாளா, வேறு இடத்தில் வைத்தாளா என்று எனக்குத் தெரியாது. அதனால் இரண்டில் ஒன்றை நான் எழுத முடியாது.

அம்மாவிடம் மன்னிப்புக் கேட்டேன். பாயை விரித்துக்கொண்டிருந்தார். “உடு கண்ணு. நாலாவதா ஒண்ணு யோசிக்கோணுமேன்னு இருந்துச்சு. இனி வேண்டியதில்ல,” என்றார். ஆறு மணிக்கே படுத்துவிட்டார். வெள்ளைப் பூண்டு உரிக்கவில்லை, நாளைக்கு அரிசி ஊறப்போடவில்லை. அம்மா இப்படிப் படுத்து நான் பார்த்ததே இல்லை. எதையும் யோசிக்கிற மூச்சு இல்லை. அசந்து தூங்குகிறார்.

விதிப்படி என் தீர்ப்பு சரிதான். ஆனால் அக்காவுக்கு நான் என்ன செய்துவிட்டேன் என்பது அந்தப் புத்தகத்தில் எங்கும் இல்லை. நான்கு தடவை புரட்டிப் பார்த்துவிட்டேன்.

அப்பா, ஆகஸ்ட் பதினேழாம் தேதி ஆவணி முதல் நாள். அதற்கு முன்னால் வாருங்கள். ஃபோர்மேன் ஆன பிறகுதான் ஊருக்கு வருவேன் என்று கிளம்பும்போது சொன்னீர்கள். ஃபோர்மேன் ஆகாமலும் வரலாம். இங்கே யாருக்கும் அது வேண்டாம். ஒரு வேளை சோறு, ஐயாசாமி மாமாவின் பக்கத்தில் உட்கார்ந்து. அவ்வளவுதான் கேட்கிறார்கள். வர முடியாதென்றால் காரணம் எழுத வேண்டாம், காரணங்கள் எங்களிடம் நிறைய இருக்கின்றன. வரமாட்டேன் என்ற ஒரு சொல் போதும், அக்கா அதை வைத்து ஏதாவது முடிவு செய்துகொள்வாள். நீங்கள் இன்னும் அந்த விலாசத்தில்தான் இருக்கிறீர்களா என்று தெரியாததால் இதைப் பதிவுத் தபாலில் ஒப்புகை அட்டையோடு அனுப்புகிறேன். ஒன்றும் எழுதத் தோன்றாவிட்டாலும் அந்த அட்டையில் தபால்காரர் உங்களிடம் கையெழுத்து வாங்குவார். தயவுசெய்து நீங்களே போடுங்கள், வேறு யாரையும் போடச் சொல்லாதீர்கள். உங்கள் கையெழுத்து எனக்கு அடையாளம் தெரியும்.

வேளைக்குச் சாப்பிடுங்கள். உங்களுக்கு நிஜமாகவே அம்மை ஒன்றும் வராமல் இருக்க வேண்டும் என்று நானும் வேண்டிக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் கீழ்ப்படிதலுள்ள மகள்,
லோகப்பிரியா.

பி.கு.: மணி ஏழரை ஆகிறது. நீங்கள் கடைசி பஸ்ஸில் வந்தால் தடுமாறக் கூடாது என்று அம்மா இந்த இரண்டு வருடமும் வாசல் விளக்கை ராத்திரி முழுக்க எரிய விடுவார். இன்று அவர் தூங்கிவிட்டதால் அக்கா போய் அதை அணைத்தாள். பிறகு கூடத்து விளக்கையும் அணைத்துவிட்டாள்.